முதல் எம்மி விருது ஒரு சைகை விளையாட்டுக்கு ஏன் போனது?

பொது அறிவுப் போட்டிகளில் அவ்வப்போது தலைகாட்டும் ஒரு கேள்வி உண்டு: அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருதை முதன்முதலில் வென்ற நிகழ்ச்சி எது? 1949 ஜனவரி 25 அன்று ஹாலிவுட் அத்லெட்டிக் கிளப்பில் நடந்த முதல் விருது விழாவில், 'மக்கள் மிகவும் விரும்பிய நிகழ்ச்சி' என்ற பரிசைப் பெற்றது 'பேண்டமைம் குவிஸ் டைம்' என்பதே விடை. அது நாடகமோ செய்தியோ பாட்டுக் கச்சேரியோ கிடையாது. ஒருவர் வாய் திறக்காமல் கையையும் காலையும் ஆட்டிக் காட்ட, மற்றவர்கள் அது என்ன சொற்றொடர் என்று கூவிக்கூவிக் கண்டுபிடிக்கும் வீட்டு விளையாட்டு. நம் கல்லூரி விழாக்களில் 'டம் ஷராட்ஸ்' என்று திரைப்படப் பெயர்களை வைத்து ஆடுகிறார்களே, அதன் மூல வடிவம்.

விடை தெரிந்தபின்தான் குழப்பம் தொடங்குகிறது. தொலைக்காட்சி போன்ற ஒரு புதிய ஊடகம், தன் முதல் பெருமையை இவ்வளவு எளிய விளையாட்டுக்கு ஏன் கொடுத்தது? இந்த நிகழ்ச்சிதான் உலகின் முதல் 'கேம் ஷோ' என்று சிலரும், அந்தப் பெருமை வேறொன்றுக்கு உரியது என்று சிலரும் எழுதுகிறார்களே, எது சரி? ஒன்றோடொன்று போட்டியிட்ட சி.பி.எஸ்., என்.பி.சி., ஏ.பி.சி., டூமான்ட் என்ற நான்கு ஒளிபரப்பு நிறுவனங்களிலும் ஒரே நிகழ்ச்சி மாறி மாறி ஓடியது எப்படி? இக்கேள்விகளுக்கான விடைகள் நடிகர்களின் திறமையைக் காட்டிலும் கேமராக் குழாய், கம்பி இணைப்பு, இசைக்கலைஞர் சங்கத்தின் தடை ஆகியவற்றில்தான் அதிகம் கிடைக்கின்றன.

விளையாட்டு எங்கிருந்து வந்தது

ஷராட் என்பது முதலில் நடித்துக் காட்டும் விளையாட்டாக இருக்கவில்லை. 18-ஆம் நூற்றாண்டுப் பிரான்சில் அது ஓர் எழுத்துவிடுகதை. ஒரு சொல்லை அசைகளாகப் பிரித்து, ஒவ்வோர் அசைக்கும் தனித்தனியே பொருள் சொல்லி, கடைசியில் முழுச் சொல்லுக்கும் ஒரு குறிப்புக் கொடுப்பார்கள். தமிழில் சொல்வதானால், 'முன்பாதி கேட்பது, பின்பாதி காட்டில் திரிவது, முழுவதும் குளத்தில் மலர்வது' என்றால் தா, மரை என்னும் மான், தாமரை என்று விடை வருமே, அந்த வகை. நம் சித்திரகவி மரபில் எழுத்தைச் சேர்த்தும் நீக்கியும் புதுச் சொல் காட்டும் எழுத்து வருத்தனம், அக்கரச்சுதகம் ஆகியவற்றை அறிந்தவர்களுக்கு இதன் சுவை புதிதாக இராது.

19-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் வசதியான வீடுகளில் இந்த விடுகதை மேடையேறியது. ஒவ்வோர் அசைக்கும் ஒரு சிறு காட்சி, முழுச் சொல்லுக்கு ஒரு காட்சி என விருந்தினர்கள் வேடமிட்டு நடித்தார்கள். 20-ஆம் நூற்றாண்டில் வேடமும் காட்சியும் உதிர்ந்துபோய், ஒற்றை ஆள், வெறுங்கை, கடிகாரம் என்று விளையாட்டு சுருங்கியது. 1930-களில் அமெரிக்க நடிகர்களும் எழுத்தாளர்களும் இதன்மேல் பித்தாக இருந்தார்கள். அவர்களிடையே இதற்கு 'தி கேம்', அதாவது 'அந்த விளையாட்டு' என்றே பெயர். வேறு விளையாட்டே இல்லை என்பது போன்ற தொனி அதில் இருக்கிறது.

சுருங்கிய வடிவத்தில் சைகைகளுக்கு ஓர் இலக்கணம் உருவாகியது. தூக்கிய விரல்கள் சொற்களின் எண்ணிக்கையையும், முன்கையில் வைத்துக் காட்டும் விரல்கள் அசைகளின் எண்ணிக்கையையும் குறிக்கும். காதைத் தொட்டால் 'இதன் ஓசையை ஒத்த சொல்' என்று பொருள். பழைய கேமராவின் கைப்பிடியைச் சுற்றுவதுபோல் காட்டினால் திரைப்படம், இரு உள்ளங்கைகளையும் விரித்தால் புத்தகம். இந்த இலக்கணத்தைப் பார்வையாளர் ஒருமுறை கற்றுக்கொண்டால் போதும், அடுத்த வாரமும் அதே அறிவோடு வந்து உட்காரலாம் என்பது தொடர் நிகழ்ச்சி நடத்துபவருக்கு எவ்வளவு வசதி என்பதை விளக்க வேண்டியதில்லை.

'முதல்' என்ற சொல்லின் சிக்கல்

எது முதல் கேம் ஷோ என்ற சண்டைக்குக் காரணம், ஒவ்வொருவரும் 'முதல்' என்பதற்கு ஒவ்வொரு வரையறை வைத்திருப்பதுதான். உறுதியாகத் தெரிந்த தேதிகளை வரிசைப்படுத்தினால் படம் தெளிவாகும்.

1. 1938 மே 31 அன்று லண்டனில் பி.பி.சி. 'ஸ்பெல்லிங் பீ' என்ற எழுத்துக்கூட்டல் போட்டியை ஒளிபரப்பியது. தொலைக்காட்சியில் வந்த விளையாட்டுப் போட்டி என்று மட்டும் பார்த்தால் இதுவே முதலிடம் பெறும். ஆனால் கண்ணை மூடிக்கொண்டும் ரசிக்கக்கூடிய போட்டி அது. வானொலிக்காகவே பிறந்த வடிவம்.

2. 1941 ஜூலை 1 அன்று அமெரிக்காவில் வணிக ஒளிபரப்பு அதிகாரபூர்வமாகத் தொடங்கியது. அன்றே வானொலியில் புகழ்பெற்றிருந்த 'ட்ரூத் ஆர் கான்சிக்வென்சஸ்' நியூயார்க்கில் ஒருமுறை தொலைக்காட்சியிலும் காட்டப்பட்டது. மறுநாள் 'சி.பி.எஸ். டெலிவிஷன் குவிஸ்' தொடங்கி 1942 மே வரை நீடித்தது. ஒரு முறையோடு நின்றுவிடாமல், தொடர்ந்து வந்த முதல் தொலைக்காட்சி விளையாட்டு நிகழ்ச்சி எது என்று கேட்டால் இதைச் சொல்லலாம். பிறகு இரண்டாம் உலகப் போர் வந்து எல்லாவற்றையும் முடக்கியது.

3. 1946 செப்டம்பரில் டூமான்ட் நிறுவனத்தின் ஒளிபரப்பில் 'ப்ளே த கேம்' தொடங்கி டிசம்பர் வரை நடந்தது. சைகை விளையாட்டையே உயிராகக் கொண்டு அமெரிக்காவில் வந்த ஆரம்பகாலத் தொடர்களில் இது முக்கியமானது. நடத்தியவர் நகைச்சுவை நடிகர் என்று நினைத்தால் ஏமாறுவோம். நியூயார்க் பல்கலைக்கழகத்தில் கல்விச் சமூகவியல் பேராசிரியராக இருந்த ஹார்வி ஸோர்பா. சிகாகோவின் செல்வர் தெருக்களும் சேரியும் அருகருகே இருப்பதை ஆராய்ந்து 1929-இல் நூல் வெளியிட்டவர் அவர். விருந்துக்கூட விளையாட்டை நடத்த ஒரு சமூகவியலாளரை அமர்த்தும் அளவுக்கு அன்றைய தொலைக்காட்சிக்கு இன்னும் தன் முகம் எது என்று தெரிந்திருக்கவில்லை.

4. 1947 இறுதியில் அதே டூமான்ட்டில் 'ஷராட் குவிஸ்' வந்தது; பில் ஸ்லேட்டர் நடத்தினார்; நேயர்கள் எழுதி அனுப்பும் சொற்றொடர்களை நடிகர்கள் நடித்துக்காட்ட, ஒரு குழு விடை சொன்னது; 1949 வரை நீடித்தது.

5. அதே 1947-இல், நாட்டின் மறுகோடியான லாஸ் ஏஞ்சலஸில் கே.டி.எல்.ஏ. நிலையத்தில் மைக் ஸ்டோக்கி 'பேண்டமைம் குவிஸ்' நிகழ்ச்சியைத் தொடங்கினார்.

ஆக, பேண்டமைம் குவிஸ் எந்த வரையறைப்படியும் முதல் கேம் ஷோ ஆகாது. அது முதல் எம்மியை வென்ற கேம் ஷோ. இரண்டையும் ஒன்றாக எழுதிவிடுவதுதான் பெரும்பாலான பட்டியல்களில் காணும் பிழை.

ஏன் எல்லோரும் ஒரே விளையாட்டை நாடினார்கள்

ஒருவரையொருவர் பார்த்திருக்கவே முடியாத தூரத்தில் இருந்த நிலையங்கள், இரண்டே ஆண்டுகளுக்குள் ஒரே வடிவத்துக்கு வந்து சேர்ந்தது தற்செயல் என்று சொல்வதற்கில்லை. 1946-க்கும் 1950-க்கும் இடையில் ஒரு நிலைய மேலாளரின் மேசையில் இருந்த தடைகளைப் பட்டியலிட்டால், அவற்றுக்குள் பொருந்தி நிற்கும் நிகழ்ச்சி வடிவங்கள் மிகச் சிலவே என்பது தெரியும்.

1. இசை கிடையாது. ஜேம்ஸ் பெட்ரில்லோ தலைமையிலான அமெரிக்க இசைக்கலைஞர் கூட்டமைப்பு, தன் உறுப்பினர்கள் தொலைக்காட்சியில் வாசிப்பதை 1945 முதல் தடுத்திருந்தது. தடை 1948 மார்ச்சில்தான் விலகியது. வாத்தியக் குழு இல்லாமல் பாட்டு நிகழ்ச்சி ஏது, நடனம் ஏது? சைகை விளையாட்டுக்கு இசை தேவையே இல்லை.

2. திரைப்படம் கிடையாது. பெரிய ஸ்டுடியோக்கள் தங்கள் புதிய படங்களையும் ஒப்பந்த நட்சத்திரங்களையும் தொலைக்காட்சிக்குத் தர மறுத்தன. எஞ்சியவர்கள் வானொலி நடிகர்களும், எந்த ஸ்டுடியோவுக்கும் முழுமையாகக் கட்டுப்படாதவர்களும்தான். அவர்களுக்கு முகம் காட்ட ஓர் இடம் வேண்டும். நிலையத்துக்கு மலிவான முகம் வேண்டும்.

3. பணம் கிடையாது. 1946-இல் நாடு முழுவதும் சில ஆயிரம் தொலைக்காட்சிப் பெட்டிகளே இருந்தன. 1950-இல்கூட நூறு வீடுகளில் ஏறத்தாழ 9 வீடுகளில்தான் பெட்டி இருந்தது. விளம்பரதாரர் அந்தச் சிறு கூட்டத்துக்காகப் பெரிய தொகை கொடுக்க மாட்டார். கதை, வசனம், ஒத்திகை, காட்சியமைப்பு, உடை என எதற்கும் செலவில்லாத ஒரு நிகழ்ச்சிக்கு அப்போது இருந்த மதிப்பை இன்றைய கணக்கில் உணர்வது கடினம். போட்டிக்கான பொருளையே நேயர்கள் தபாலில் எழுதி அனுப்பிவிடுவார்கள்.

4. பதிவு வசதி கிடையாது. காந்த நாடாவில் படத்தைப் பதியும் கருவியை ஆம்பெக்ஸ் நிறுவனம் 1956-இல்தான் வெளியிட்டது. அதுவரை எல்லாம் நேரலை. நாடகத்தில் ஒருவர் வசனத்தை மறந்தால் அது விபத்து. சைகை விளையாட்டில் ஒருவர் திணறினால் அதுதான் நிகழ்ச்சியே. பிழையையே சரக்காக விற்கும் வடிவம் நேரலைக்கு எவ்வளவு பாதுகாப்பானது என்பது இதில் இருக்கிறது.

இந்த நான்கையும்விட முக்கியமானதாக நான் கருதுவது கேமராவைத்தான். அதைச் சற்று விரிவாகப் பார்க்க வேண்டும்.

கேமராக் குழாயும் விருதின் பெயரும்

போருக்கு முந்தைய தொலைக்காட்சி கேமராக்களில் இருந்தது ஐகானோஸ்கோப் என்னும் குழாய். ஒளியை மின்சாரமாக மாற்றும் அதன் திறன் குறைவு என்பதால், அரங்கைக் கண் கூசும் விளக்குகளால் நிரப்ப வேண்டியிருந்தது. அந்த வெப்பத்தில் நடிகர் அசையாமல் நிற்பதே பெரும்பாடு. துள்ளிக் குதித்து, தரையில் உருண்டு சைகை காட்டுவது எங்கே?

1945-இல் ஆர்.சி.ஏ. நிறுவனம் காட்சிக்கு வைத்த இமேஜ் ஆர்த்திகான் குழாய் இதைவிடப் பல மடங்கு நுண்ணுணர்வு கொண்டது. சாதாரணமான வெளிச்சத்திலும் படம் கிடைத்தது. கேமராவை அரங்கிலிருந்து வெளியே கொண்டுபோகவும் முடிந்தது. ஆனால் மறுமுனையில் இருந்த திரை மாறவில்லை. போருக்குப் பின் முதலில் பரவலாக விற்ற பெட்டிகளில் ஒன்றான ஆர்.சி.ஏ.யின் 1946-ஆம் ஆண்டு மாதிரியின் திரை 10 அங்குலம்தான், அதாவது ஒரு சாப்பாட்டுத் தட்டின் அகலம். அதில் பத்துப் பேர் கூடிய காட்சியைக் காட்டினால் எறும்பு ஊர்வதுபோல் இருக்கும். முகத்தின் நுட்பமான பாவங்களும் சாம்பல் படலத்தில் கரைந்துவிடும். ஓர் ஆள், வெறும் பின்னணி, தலைமுதல் கால்வரை பெரிய அசைவு என்ற அமைப்பே அந்தத் திரையில் தெளிவாகத் தெரியக்கூடியது. சைகை விளையாட்டில் இருப்பதும் அதுதான். காட்டுபவர்மேல் ஒரு கேமரா, ஊகிப்பவர்கள்மேல் ஒரு கேமரா, ஒலிவாங்கி ஊகிப்பவர்களின் தலைக்கு மேல் இருந்தால் போதும். காட்டுபவர் எங்கே ஓடினாலும் ஒலிவாங்கியைத் தூக்கிக்கொண்டு பின்னால் ஓட வேண்டியதில்லை. அவர்தான் பேசவே போவதில்லையே.

எம்மி என்ற பெயரும் இந்தக் குழாயிலிருந்து வந்ததுதான். விருதுக்குப் பெயர் தேடியபோது, தொலைக்காட்சிக் கலை அகாதெமியை நிறுவிய சிட் காசிட் முதலில் ஐகானோஸ்கோப்பின் செல்லப் பெயரான 'ஐக்' என்பதை நினைத்தார். அது தளபதி ஐசன்ஹோவரின் அழைப்புப் பெயராகவும் இருந்ததால் கைவிடப்பட்டது. பொறியாளர் ஹாரி லுப்கே, இமேஜ் ஆர்த்திகானைத் தொழில்நுட்பர்கள் அழைத்த 'இம்மி' என்பதைச் சொன்னார். சிலை பெண்ணுருவாக இருந்ததால் அது 'எம்மி' ஆகியது. தமிழில் இம்மி என்றால் அளவில் மிகச் சிறியது என்று பொருள். அந்த முதல் விருது விழாவின் அளவை நினைத்தால் பெயர் பொருத்தமாகத்தான் இருக்கிறது.

விருது எவ்வளவு பெரியது

இன்றைய எம்மியை மனத்தில் வைத்துக்கொண்டு 1949-ஐப் பார்ப்பதால்தான் வியப்பு மிகுகிறது. அன்று போட்டியிடத் தகுதி பெற்றவை லாஸ் ஏஞ்சலஸ் பகுதியில் தயாரித்து ஒளிபரப்பான நிகழ்ச்சிகள் மட்டுமே. நியூயார்க்கில் நாட்டையே ஈர்த்துக்கொண்டிருந்த நகைச்சுவை நடிகர் மில்டன் பெர்ல் நடத்திய நிகழ்ச்சி அந்தக் கணக்கிலேயே வரவில்லை. மொத்தம் வழங்கிய விருதுகள் ஆறு. அவற்றில் ஒன்று சிலையை வடிவமைத்த லூயி மக்மேனஸுக்கே போனது. சிறந்த தொலைக்காட்சி ஆளுமைக்கான விருதைப் பெற்ற ஷெர்லி டின்ஸ்டேல், 'ஜூடி ஸ்ப்ளின்டர்ஸ்' என்ற பொம்மையை மடியில் வைத்துக்கொண்டு பேசவைக்கும் இளம் கல்லூரி மாணவி. சிறந்த நிலையம் என்ற விருது கே.டி.எல்.ஏ.வுக்கு.

எனவே, ஒரு நகரத்தின் ஒரு சில நிலையங்களுக்குள், மேலே சொன்ன தடைகளோடு நடந்த போட்டியில் சைகை விளையாட்டு முந்தியது என்பதே அந்த விருதின் சரியான பொருள். அதில் இழிவு ஒன்றுமில்லை. ஆனால் 'அமெரிக்கா முழுவதும் விரும்பிய நிகழ்ச்சி' என்று இதை மொழிபெயர்ப்பது தவறு. நாட்டின் பெரும்பகுதியில் அப்போது தொலைக்காட்சியே இல்லை.

பேண்டமைம் குவிஸ் நடந்த விதம்

இரண்டு அணிகள்; ஒவ்வொன்றிலும் நான்கு பேர். வாரந்தோறும் வரும் மூவரோடு ஒரு விருந்தினர் சேர்வது வழக்கமான அமைப்பு. ஒருவர் எழுந்து நடிக்க, அவருடைய அணியினர் இரண்டு நிமிடத்துக்குள் சொற்றொடரைச் சொல்ல வேண்டும். எடுத்துக்கொண்ட நேரத்தையெல்லாம் கூட்டி, குறைந்த நேரம் எடுத்த அணிக்கு வெற்றி. சொற்றொடரை அனுப்பிய நேயருக்குப் பரிசு. அணியால் அதைக் கண்டுபிடிக்க முடியாவிட்டால் கூடுதல் பரிசு.

கடைசி விதியைச் சாதாரணமாகக் கடந்துவிடக் கூடாது. நட்சத்திரங்களைத் தோற்கடித்தால் நேயருக்கு ஆதாயம் என்றால், அனுப்பும் சொற்றொடர் வாரத்துக்கு வாரம் கடினமாகிக்கொண்டே போகும். பழமொழியும் பாட்டு வரியும் போய், யாராலும் நினைத்துப்பார்க்க முடியாத கோணல் வாக்கியங்கள் வந்து சேரும். கடினம் ஏற ஏற நடிகரின் உடல் கூத்தாகும். கூத்து ஏற ஏறப் பார்ப்பவருக்குச் சிரிப்பு. தயாரிப்பாளர் ஒரு காசு செலவழிக்காமல் நிகழ்ச்சியின் தரத்தை நேயர்களே உயர்த்திக்கொண்டுபோகும் பொறி இது.

இன்னொரு மாற்றம் இதைவிட நுட்பமானது. வீட்டில் விருந்தினர்களோடு ஆடும்போது விடை காட்டுபவருக்கு மட்டுமே தெரியும். தொலைக்காட்சியில் வீட்டில் இருப்பவருக்கும் விடையைத் திரையிலேயே காட்டிவிட்டார்கள். பார்ப்பவர் ஊகிக்கும் வேலையிலிருந்து விடுபட்டு, 'அட, அவ்வளவு பக்கத்தில் வந்துவிட்டு வேறெங்கோ போகிறானே' என்று பதறும் இடத்துக்கு மாறினார். மேடையில் கட்டியங்காரன் முன்கதையைச் சொல்லிவிட்டபின் பாத்திரம் தெரியாமல் தவிப்பதைப் பார்க்கும் கூத்து ரசிகனின் நிலை அது. வீட்டு விளையாட்டைப் பார்க்கும் விளையாட்டாக ஆக்கியது இந்த ஒரு மாற்றம்தான். பிற்காலத்தில் சொல்லையும் படத்தையும் வைத்து வந்த எத்தனையோ கேம் ஷோக்கள் இதையே பின்பற்றின.

வழக்கமாக வந்தவர்களில் ஹான்ஸ் கான்ரீட் வானொலியில் ஆயிரம் குரல் பேசிப் பெயர் பெற்றவர். குரலை மட்டும் வைத்துப் பிழைத்த ஒருவர் குரலே இல்லாத விளையாட்டில் தேர்ந்தவரானது வேடிக்கை. திகில் படங்களால் பெயர் பெற்ற நடிகர் வின்சென்ட் பிரைஸ் வந்தார். ஊமைப்படக் காலத்தில் குழந்தை நட்சத்திரமாக உலகை ஆண்ட ஜாக்கி கூகனும் வந்தார். அவருக்கு இது பழைய தொழிலுக்குத் திரும்பியது போலத்தான் இருந்திருக்க வேண்டும்.

இரண்டு கடற்கரைகளும் நடுவில் இல்லாத கம்பியும்

நியூயார்க்கில் ஒரு சைகை விளையாட்டும் லாஸ் ஏஞ்சலஸில் இன்னொன்றும் தனித்தனியே வளர்ந்ததற்குக் காரணம், இரண்டையும் இணைக்கும் கம்பி இல்லாததே. தொலைபேசி நிறுவனமான ஏ.டி. அண்ட் டி.யின் இணைப்பு கிழக்குக் கரையையும் மத்திய மேற்கையும் 1949 ஜனவரியில் சேர்த்தது. மேற்குக் கரைவரை படம் போனது 1951 செப்டம்பர் 4 அன்று, சான்பிரான்சிஸ்கோவில் ஜப்பான் அமைதி ஒப்பந்த மாநாட்டில் அதிபர் ட்ரூமன் பேசியபோது.

அதற்கு முன் 1950-இல் பேண்டமைம் குவிஸ் சி.பி.எஸ். வழியாக நாடளாவிய நிகழ்ச்சியானது. லாஸ் ஏஞ்சலஸில் உருவாகும் எதையும் கிழக்குக்குக் கொண்டுபோக அன்று இருந்த வழி கினஸ்கோப் மட்டுமே. ஓடிக்கொண்டிருக்கும் தொலைக்காட்சித் திரைக்கு எதிரே ஒரு திரைப்படக் கேமராவை நிறுத்தி அப்படியே படம் பிடித்து, சுருளைக் கழுவி, விமானத்தில் அனுப்பி, அங்கே திரும்ப ஒளிபரப்பும் முறை அது. தொலைக்காட்சி நொடிக்கு 30 சட்டங்கள், அதாவது 30 தனித்தனிப் படங்கள் காட்டும். திரைப்படம் 24 சட்டங்கள்தான் பதியும். இரண்டையும் ஒட்டவைக்கும்போதே தெளிவு குறையும். நகலின் நகல் என்பதால் முகங்கள் மங்கும், ஓரங்கள் கரையும்.

நாடகமானால் இந்த இழப்பு பெரிது. கண்ணில் துளிர்க்கும் நீர் தெரியாவிட்டால் காட்சியே போயிற்று. ஆனால் ஒருவர் கோழியைப்போல் கைகளை அடித்துக்கொண்டு அரங்கைச் சுற்றி ஓடுவது எந்தக் கினஸ்கோப்பிலும் தப்பிப் பிழைக்கும். மங்கலைத் தாங்கும் வடிவம் என்பதும் இந்த விளையாட்டு மேற்கிலிருந்து கிழக்குக்குப் பயணம் செய்ய முடிந்ததற்கு ஒரு காரணம் என்றே நினைக்கிறேன்.

நான்கு நிறுவனங்களிலும் ஒரே நிகழ்ச்சி

1950-களின் அமெரிக்க ஒளிபரப்பு ஆண்டு, ஏறத்தாழ 39 வாரப் பருவமாகவும் 13 வாரக் கோடை இடைவெளியாகவும் பிரிந்திருந்தது. பெரிய நட்சத்திரங்கள் கோடையில் ஓய்வுக்குப் போவார்கள். விளம்பரதாரர் அந்த நேரத்தை விட்டுவிட மனமில்லாமல் மலிவான மாற்று நிகழ்ச்சி ஒன்றைத் தேடுவார். ஸ்டோக்கி நடத்துநர் மட்டுமல்லாமல் தயாரிப்பாளராகவும் இருந்தார். ஒத்திகை வேண்டாம், எழுத்தாளர் வேண்டாம், சொன்ன வாரத்தில் தொடங்கலாம் என்றால் அதைவிட நல்ல கோடைச் சரக்கு வேறில்லை.

இதன் விளைவாக அந்த நிகழ்ச்சி கோடைதோறும் சி.பி.எஸ்.ஸில் தலைகாட்டியதோடு, இடையில் 1952 தொடக்கத்தில் என்.பி.சி.யிலும், 1953-54-இல் டூமான்ட்டிலும், 1955 தொடக்கத்திலும் மீண்டும் 1958-59-இலும் ஏ.பி.சி.யிலும் ஓடியது. அன்றைய நான்கு நிறுவனங்களிலும் ஓடிய மிகச் சில நிகழ்ச்சிகளில் ஒன்று என்று இதைப் பெருமையாகச் சொல்வதுண்டு. மறுபுறமும் உண்மைதான்: எந்த நிறுவனமும் இதைத் தன் நிலையான நிகழ்ச்சியாக ஆண்டு முழுவதும் நீண்டகாலம் வைத்துக்கொள்ள விரும்பவில்லை. எல்லா வீட்டுக்கும் வேண்டியவர், எந்த வீட்டிலும் நிரந்தர இடமில்லாதவர் என்பது போன்ற நிலை. இடையே 1951-52-இல் பிராட்வே நாடகக் குழுக்களை மோதவிட்ட 'சே இட் வித் ஆக்டிங்' போன்ற போட்டிகளும் வந்து போயின.

பெரும் பணம் வந்தபோது

சைகை விளையாட்டைப் பின்னுக்குத் தள்ளியது ஒரு நீதிமன்றத் தீர்ப்பு என்றால் நம்பக் கடினமாக இருக்கலாம். வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பரிசு வழங்கும் போட்டிகள் சட்டத்துக்குப் புறம்பான லாட்டரிக்குச் சமம் என்று ஒளிபரப்பு ஒழுங்குமுறை ஆணையம் 1949-இல் விதி செய்தது. வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போய், 1954-இல் ஆணையம் தோற்றது. வீட்டிலிருந்து கேட்பவர் பணம் எதுவும் கட்டாமல் பங்கேற்பது லாட்டரி ஆகாது என்றது நீதிமன்றம். தலைக்கு மேல் தொங்கிய கத்தி அகன்றதும், அடுத்த ஆண்டு ஜூனில் சி.பி.எஸ். 64,000 டாலர் பரிசுப் போட்டியைத் தொடங்கியது. அதற்குள் ஏறத்தாழ மூன்றில் இரண்டு வீடுகளில் பெட்டி வந்துவிட்டது. ஒரு சாதாரண மனிதர் கண்ணாடி அறைக்குள் வியர்த்துக்கொண்டு வாழ்நாள் சம்பாத்தியத்துக்காக விடை தேடும் காட்சிக்கு முன்னால், நடிகர்கள் விளையாட்டுக்காக விளையாடும் காட்சி சப்பென்று ஆகியது.

1958-இல் அந்தப் பெரும்பணப் போட்டிகளில் விடைகள் முன்கூட்டியே தரப்பட்டது வெளிச்சத்துக்கு வந்தது. 1959 நவம்பரில், அத்தகைய ஒரு போட்டியில் வென்று புகழ்பெற்றிருந்த சார்லஸ் வான் டோரன் நாடாளுமன்றக் குழுவின் முன் உண்மையை ஒப்புக்கொண்டார்; 1960-இல் போட்டிகளில் முறைகேடு செய்வதைக் குற்றமாக்கிச் சட்டம் திருத்தப்பட்டது. அந்தப் புயல் வீசிக்கொண்டிருந்தபோது பேண்டமைம் குவிஸ் ஏ.பி.சி.யில் அமைதியாக ஓடிக்கொண்டிருந்தது. அப்போது அதில் வழக்கமாக வந்த இளம் நடிகைகளில் ஒருவர், பின்னாளில் நகைச்சுவையில் புகழ்பெற்ற கேரல் பர்னெட். பரிசே அற்பம் என்றால் ஏமாற்றுவதற்கு யாருக்கு என்ன அவசியம்? புயலுக்குப் பின் பிரபலங்கள் சிறு பரிசுக்காகச் சிரித்து ஆடும் நிகழ்ச்சிகள் மீண்டும் பெருகின. 1962-இல் சி.பி.எஸ். இதே விளையாட்டை 'ஸ்டம்ப் த ஸ்டார்ஸ்' என்ற பெயரில் கொண்டுவந்தது. பாட் ஹாரிங்டன் முதலில் நடத்தினார், சில மாதங்களில் ஸ்டோக்கியே திரும்பி வந்து நடத்தினார்.

பிரிட்டனில் இந்த வித்து வேறு விதமாக முளைத்தது. ஒருவரின் தொழிலைக் கண்டுபிடிக்கும் அமெரிக்க நிகழ்ச்சியான 'வாட்ஸ் மை லைன்?' 1951-இல் பி.பி.சி.க்கு வந்தபோது, வந்தவர் தன் தொழிலைச் சில நொடிகள் சைகையில் காட்டும் பகுதி அதில் சேர்ந்தது. முழுமையான சைகை விளையாட்டாக 'கிவ் அஸ் எ க்ளூ' 1979-இல் ஐ.டி.வி.யில் தொடங்கி 1992 வரை நடந்தது. அப்போது இசைத் தடையும் இல்லை, பத்தங்குலத் திரையும் இல்லை. விளையாட்டு தன் சொந்தக் காலில் நின்றது.

எஞ்சியிருப்பவை

இந்தக் காலத்தை எழுதுபவர்களின் பெரிய இடர், பார்ப்பதற்குப் படம் இல்லை என்பதே. நேரலையில் போய்விட்டவை போனவைதான். கினஸ்கோப்பாகப் பதிந்தவற்றிலும் டூமான்ட் நிறுவனத்தின் சேமிப்பில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. அந்த நிறுவனம் 1950-களின் நடுவிலேயே மூடப்பட்டது. அதன் சுருள்கள் 1970-களின் தொடக்கத்தில் நியூயார்க் துறைமுகத்தின் நீரில் கொட்டப்பட்டதாக நடிகை ஈடி ஆடம்ஸ் 1996-இல் காங்கிரஸ் நூலகம் நடத்திய விசாரணையில் சாட்சி சொன்னார். வேறு இடங்களில் சுருளிலிருந்த வெள்ளியைப் பிரித்தெடுப்பதற்காகவே படங்கள் உருக்கப்பட்டன.

பேண்டமைம் குவிஸின் சில அத்தியாயங்கள் தப்பியிருக்கின்றன. படம் மங்கல், பேச்சு ஒன்றன்மேல் ஒன்றாக விழுகிறது, ஊகிப்பவர்கள் எல்லாரும் ஒரே நேரத்தில் கத்துகிறார்கள். கோட்டும் டையும் அணிந்த ஒரு மனிதர் மூன்று விரல்களைத் தூக்கிக்காட்டி, மூன்றாவது சொல் என்று தலையசைத்துவிட்டுத் தரையில் மண்டியிடுகிறார்.